கூவாத வேட்டை

இன்னும் என் பெயரைக் கூப்பிடவில்லை. பித்தளை வில்லை போட்ட சேவகன் கோர்ட்டுக் கச்சேரி வாசலுக்கு வரும்போதெல்லாம் நான் பாதி எழுந்துவிடுகிறேன். அவன் வேறு யாரையாவது, ஒரு வரப்புத் தகராறுக்காரனையோ மாடு திருடினவனையோ, மூன்று முறை கத்திக் கூப்பிட்டுவிட்டு உள்ளே போனதும் மறுபடி உட்காருகிறேன். மூன்று முறை கூப்பிடுவது இங்கேயும் வழக்கம் போலிருக்கிறது. எங்கள் பட்டியிலும் மூன்று முறைதான். வலையில் வேட்டை விழுந்தால், விழுந்த இடத்துக்குப் பக்கத்தில் உயரமான பாறையாகப் பார்த்து ஏறி, இரண்டு கையையும் வாய்க்குக் குவித்து மூன்று முறை கூவ வேண்டும். கேட்டவர்கள் செய்கிற வேலையைப் போட்டுவிட்டு வருவார்கள். வர முடியாத கிழவன் கிழவிக்கும் பங்கு வீடு தேடிப் போகும். வலை யாருடையதோ அவனுக்கு ஒரு பங்கு, விரட்டிய நாய்க்கு ஒரு பங்கு, பிள்ளைத்தாய்ச்சி இருக்கிற வீட்டுக்கு ஒரு பங்கு அதிகம். வயிற்றில் இருப்பதும் ஓர் ஆள்தான் என்று வைத்து அதற்கு வயிற்றுப் பங்கு என்று பெயர். இதையெல்லாம் நான் எதற்கு இப்போது நினைக்கிறேன். நினைக்கக் கூடாது என்றுதான் வந்ததிலிருந்து என் பெருவிரலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். பெருவிரல் நகத்தில் ஓர் எறும்பு ஏறுகிறது, இறங்குகிறது. உள்ளே மூக்கன் நிற்கிறான். என் அத்தை மகன், எனக்கு மச்சான். சர்க்கார் காட்டில் கேளையாடு, அந்தக் குரைக்கிற மானை, கொன்றதாக அவன் மேல் வழக்கு. பத்தொன்பது நாளாகக் கொட்டடியில் வைத்திருந்து இன்று கொண்டுவந்திருக்கிறார்கள். அவன் கொல்லவில்லை. கொன்றது நான். இதைத் தெரிந்த பெரியவர்கள் இந்த உலகத்தில் மூன்று பேர்தான்: நான், என் பெண்டாட்டி நல்லக்காள், அப்புறம் மூக்கன்.

வேப்பமரத்தடியில் நாங்கள் ஐந்து ஆண்கள் உட்கார்ந்திருக்கிறோம், மூக்கனுக்காகச் சாட்சி சொல்ல. சற்றுத் தள்ளிச் சுவர் நிழலில் மூக்கன் பெண்டாட்டி சிலம்பாயி, எட்டு மாத வயிற்றோடு காலை நீட்டிக்கொண்டு. ஒன்பது கல் நடந்து வந்திருக்கிறாள், வர வேண்டாம் என்று சொல்லியும். என்ன சொல்ல வேண்டும் என்று பட்டியின் தலைவர் சேவுகன் அம்பலம் வழியெல்லாம் எங்களுக்குச் சொல்லிக் கொடுத்துக்கொண்டே வந்தார். அது ஒன்றும் கடினமில்லை, உண்மைதானே என்றார். உண்மைதான் என்று எல்லோரும் சொன்னார்கள். நானும் சொன்னேன். ஒற்றைக்கண் கூளையனுக்கு மட்டும் ஒரு சந்தேகம் தீரவில்லை. "அம்பலம், சத்தியம் பண்ணச் சொன்னா எந்தச் சாமி மேல பண்றது? இங்க ஒரு சூலாயுதத்தக்கூடக் காணமே." அம்பலம் வெற்றிலைக் காம்பைக் கிள்ளிக்கொண்டே, "உள்ள ஒரு மேசை இருக்காம்டா, அது மேல பண்ணு" என்றார். "மேசை மேல பொய்ச் சத்தியம் பண்ணினா அது கண்ணக் குத்துமா?" "உனக்கு இருக்கிறதே ஒண்ணு, எதுக்கும் பத்திரமா வச்சுக்க." எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். என் சிரிப்பு என் காதில் விழுந்தது, மற்றவர்கள் நிறுத்திய பிறகும் சிறிது நேரம் ஓடிக்கொண்டிருந்தது. அம்பலம் என்னைத் திரும்பிப் பார்த்தார். "வீரணா, உனக்கு என்னடா மேலுக்கு முடியலையா? மொகம் வெளுத்துக் கெடக்கு." வெயில், என்றேன். நிழலில் உட்கார்ந்துகொண்டு வெயில் என்றேன். அவர் நம்பினார். அவர் எதையும் நம்புவார். எங்கள் பட்டியில் இருபத்திரண்டு வீடு, ஒருவர் பேச்சை ஒருவர் நம்பாமல் அங்கே ஒரு பொழுது போகாது. வலை வேட்டை தனியாளாகச் செய்கிற காரியமில்லை. ஒருவன் வலை கட்ட வேண்டும், பத்துப் பேர் புதரைத் தட்டி விரட்ட வேண்டும். வலையருகில் நிற்பவன் கள்ளத்தனம் செய்தால் மலைக்கு அந்தப் பக்கம் இருப்பவனுக்கு எப்படித் தெரியும்? தெரியாது. அதனால்தான் கூவுவது. கூவுகிறவன் நல்லவன் என்று யாரும் சொல்வதில்லை, மூச்சு விடுகிறவனை நல்லவன் என்று சொல்வார்களா?

நான் தனியாகத்தான் போனேன். காட்டைச் சுற்றிச் சர்க்கார் சுண்ணாம்பு அடித்த கல் நட்டு மூன்று வருஷமாகிறது. தாது வருஷப் பஞ்சத்தில்கூட அந்தக் காடு எங்களைக் காப்பாற்றியது, கிழங்கு தோண்டித் தின்றே இருபத்திரண்டு வீடும் பிழைத்தோம். இப்போது கிழங்கு தோண்டினாலும் திருட்டு, சுள்ளி பொறுக்கினாலும் திருட்டு. கூட்டமாகப் போனால் காட்டைக் காக்கிற கார்டு கண்ணில் படும் என்று கூட்டு வேட்டையே நின்றுவிட்டது. போன தையில் ஒரு துரை வந்து கூடாரம் அடித்தபோது மட்டும் எங்கள் எல்லோரையும் புதர் தட்டக் கூப்பிட்டார்கள். "அவுக சுட்டா அது வெளையாட்டாம், நாம புடிச்சா களவாம்" என்று கூளையன் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தான். எனக்கு அப்போதும் சிரிப்பு வந்தது. இந்த வருஷம் மழை இல்லை. ரோட்டுக்குச் சல்லி உடைக்கப் போனால் ஒரு வேளைக்கு ஆகும், அதுவும் வாரத்தில் மூன்று நாள். அன்று விடியும்போது மூக்கன் வாசலில் போய் நின்றேன். என் வலையை எலி கடித்து மூன்று இடத்தில் பொத்தல். "மச்சான், வலை ஒண்ணு குடு. ஒரு மொயல் தடம் பாத்து வச்சிருக்கேன்." கூரை இறவாணத்தில் செருகியிருந்ததை உருவிக் கொடுத்தான். "சிலம்பாயி இப்பத்தான் கண்ண மூடியிருக்கா, சத்தமில்லாமப் போ. கெடச்சாக் கூவு மாப்ளே, சல்லி ஒடைக்கிற எடத்துல இருந்தாலும் ஓடியாந்துருவேன். சம்மட்டியக்கூடப் போட்டுட்டு வந்துருவேன்." பல் தெரியச் சிரித்தான். பல் விளக்காத வாய். அந்த வாடைகூட நினைவிருக்கிறது. நான் புதர் இடுக்கில் வலையைக் கட்டி, சுற்றிப்போய்க் கல் எறிந்து விரட்டினேன். முயல் வரவில்லை. நாய் குரைத்தது போல ஒரு சத்தம், அப்புறம் செம்பட்டையாக ஒன்று, ஆட்டுக்குட்டியைவிடக் கொஞ்சம் பெரிதாக, வந்து வலையில் விழுந்தது. முயல் வலை தாங்காது. ஓடிப்போய்த் தடியால் அடித்தேன், இரண்டு அடி. கேளையாடு. காடு அடைத்த பிறகு எங்கள் பட்டியில் யாரும் கேளையாட்டுக் கறி தின்றதில்லை. அதன் வாயில் பாதி மென்ற நெல்லிக்காய் ஒன்று இருந்தது. அதை விரலால் தோண்டி எடுத்து நான் தின்றேன். அது குற்றமில்லை. பசித்தவன் எதையும் தின்பான். அதைக்கூட மூக்கனிடம் சொல்லிச் சிரித்திருக்கலாம். அதுவரைக்கும் நான் எல்லோரையும் போலத்தான் இருந்தேன்.

பாறையில் ஏறினேன். ஏறவில்லை என்று யாரும் சொல்ல முடியாது. அங்கிருந்து பார்த்தால் இருபத்திரண்டு கூரையும் தெரியும், கவிழ்த்து வைத்த கூடைகள் மாதிரி. இரண்டு கூரையில்தான் புகை. கையைக் குவித்தேன். மூச்சை இழுத்தேன், கூவுவதற்கு எவ்வளவு மூச்சு வேண்டுமோ அவ்வளவும். அப்புறம் அந்த மூச்சு என்ன ஆனது? அன்றிலிருந்து நான் தேடுவது அந்த மூச்சைத்தான். கார்டு காதில் விழும் என்று பயந்து நிறுத்தினேன் என்று முதலில் எனக்கே சொல்லிக்கொண்டேன். நன்றாக இருந்தது. இரண்டு நாள் அதை வைத்து ஓட்டினேன். ஆனால் கார்டு முந்தின நாளே குடையை மடக்கி அக்குளில் வைத்துக்கொண்டு சந்தைக்குப் போனதை நான் என் கண்ணால் பார்த்தேன், வர இரண்டு நாளாகும் என்று எனக்குத் தெரியும். சரி, மகளுக்காக என்று சொல்லிக்கொண்டேன். பொன்னழகிக்குக் காய்ச்சல் விட்டு வாய் ருசி இல்லாமல் கிடந்தாள். அதுவும் நன்றாக இருந்தது, அதை வைத்து நாலு நாள் ஓடியது. ஆனால் பாறைக்குப் பின்னால் போய் வயிற்றைக் கீறி ஈரலை எடுத்து, சருகு கூட்டி வாட்டி, நின்றுகொண்டே தின்றேனே, அது யாருக்காக? ஈரலை எங்கள் ஊரில் நகக்கண் அளவாவது எல்லோருக்கும் கிள்ளிக் கொடுக்க வேண்டும். பிள்ளைகள் அதற்காக அடித்துக்கொள்வார்கள். முழு ஈரல் எவ்வளவு பெரியது என்றே அன்றுதான் எனக்குத் தெரிந்தது. தின்னத் தின்ன இருந்தது. சூடு உதட்டைப் பொசுக்கியது, ஆற விடவில்லை. பயமும் இல்லை, மகளும் இல்லை. இருபத்திரண்டு கூரையைப் பார்த்தபோது மனம் ஒன்றே ஒன்றுதான் சொன்னது: கூவினால் உனக்கு ஒரு கை, கூவாவிட்டால் எல்லாம். அவ்வளவுதான். அந்த மூச்சை நான் விழுங்கிவிட்டேன்.

"அண்ணே." தலை தூக்கினால் சிலம்பாயி. எப்போது எழுந்து வந்தாள்? ஒரு கையை இடுப்பில் ஊன்றி, மறு கையில் சிரட்டை. "கேப்பைக் கூழுண்ணே. எல்லாருக்கும் ஒரு வாய் ஊத்திட்டேன், ஒங்களுக்குத்தான் இல்ல. குடிங்க." எனக்கு வேண்டாம் பிள்ள, நீ குடி, என்றேன். "நான் குடிச்சாச்சு. என்னத்தப் போயிக் குடிக்கிறது, இது ஒதைக்கிற ஒதையில உள்ள எறங்கவே மாட்டேங்குது." சிரட்டையை வாங்கினேன். வாங்காமல் இருந்தால் கேள்வி வரும். அவள் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுக்குத் தெரியுமோ? அன்று கறியை நல்லக்காள் சமைத்தபோது கதவைச் சாத்தினாள். நான் சாக்குப் பையைக் கீழே வைத்ததும் அவள் வெளியே எட்டிப் பார்த்தாள், பின்னால் யாரும் வரவில்லை என்று கண்டாள், என் முகத்தைப் பார்த்தாள், கதவைச் சாத்தினாள். எங்கள் பட்டியில் பகலில் கதவு சாத்துவது பிரசவத்துக்கு அல்லது சாவுக்கு. படுத்திருந்த பொன்னழகி மெதுவாகக் கேட்டாள்: "யாரும்மா செத்தது?" அப்புறம் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து சிலம்பாயியின் குரல், ஒரே சுவர்தானே நடுவில்: "மதினி, என்னமோ மணக்குதே?" "முருங்கைக்கீரதான் புள்ள." "கீரையா இப்பிடி மணக்குது? உள்ள இருக்கிறது எந்திரிச்சு ஒக்காந்துக்கிருச்சு மதினி." சொல்லிவிட்டு அவள் சிரித்தாள். நல்லக்காளும் சிரித்தாள், கையில் அகப்பையோடு, கண்ணில் தண்ணீரோடு, புகையாலோ எதனாலோ. நான் எலும்பை வாயிலிருந்து எடுக்காமல் அசையாமல் உட்கார்ந்திருந்தேன், மென்றால் சத்தம் கேட்கும் என்று. இப்போதும் அப்படித்தான் கூழை வாயில் வைத்துக்கொண்டு விழுங்காமல் இருக்கிறேன். "என்னண்ணே, உப்பில்லையா?" இருக்கு, என்று தலையாட்டினேன். வலைப் பங்கு, கூவல் கேட்டு வருகிறவன் பங்கு, வயிற்றுப் பங்கு. ஒரு வீட்டுக்கு மூன்று பங்கு வர வேண்டியிருந்தது. அந்த வீட்டுக்காரி எனக்குக் கூழ் ஊற்றுகிறாள்.

மூன்று பேர் எவ்வளவு தின்ன முடியும்? இதை நான் யோசிக்கவே இல்லை. பாறையில் நின்றபோது எல்லாம் என்றுதானே மனம் சொன்னது, எல்லாம் எவ்வளவு என்று சொல்லவில்லை. இரண்டு நாள் தின்றோம். வயிறு பழக்கமில்லாமல் மூன்று பேருக்கும் போய்க்கொண்டே இருந்தது, அப்படியும் தின்றோம். உப்புக்கண்டம் போட முடியாது, காய வைத்தால் ஊர் பார்க்கும். யாருக்காவது கொடுக்கலாமா என்றால், இரண்டாம் நாள் கறியை எடுத்துப்போய் என்ன சொல்லிக் கொடுப்பது? நேற்றே கூவவில்லையா என்ற ஒரு கேள்விக்குப் பதில் வேண்டும். மூன்றாம் நாள் நாற்றம் எடுத்தது. பாதி ஆடு. ஒரு தொடை முழுசாக. அதை ஓடைப் பக்கம் கொண்டுபோய்த் தோலோடு சேர்த்துக் குழி தோண்டிப் புதைத்தேன். இருபத்திரண்டு வீட்டில் இரண்டில்தான் புகை, நான் கறியைப் புதைக்கிறேன். மண்ணைத் தள்ளும்போது கை நின்றது, ஆனாலும் தள்ளினேன். மறுநாளே நரி தோண்டிப் போட்டது, கழுகு வட்டமடித்தது, சந்தையிலிருந்து திரும்பியிருந்த கார்டு கழுகைப் பார்த்து வந்துவிட்டான். வீடு வீடாகச் சோதனை. மூக்கன் வீட்டு இறவாணத்தில் வலை, வலையில் செம்பட்டை மயிர். ஆமாம், வலையை முதல் நாளே திரும்பச் செருகி வைத்துவிட்டேன், மூக்கன் சல்லி உடைக்கப் போயிருந்தபோது. கழுவாமல் வைத்தேன். கழுவியிருந்தால் இன்று இந்தக் கச்சேரி இல்லை. கழுவ மனம் வரவில்லை. வலையைத் தண்ணீரில் நனைத்துக் கழுவினால் அந்த வலைக்காரனுக்கு அப்புறம் வேட்டை விழாது என்பார்கள், எங்கள் ஆட்கள் யாரும் கழுவ மாட்டார்கள். மூக்கனுடைய அதிர்ஷ்டத்தை நான் கெடுக்கக் கூடாது என்று நினைத்தேன். நினைத்தேனே, உண்மையாகவே நினைத்தேன். அவன் பங்கைத் தின்ற வாயைத் துடைத்துக்கொண்டே அவன் வலைக்குத் தீங்கு வரக் கூடாது என்று நினைத்தேன். ஒரு மனிதன் இப்படியும் இருப்பானா? நான் இருந்தேன்.

கார்டு வலையை உதறிக் காட்டினான். "இது யார் வலைடா?" ஊர் முழுக்க நின்றது. நான் கூளையனுக்குப் பின்னால் நின்றேன், கூளையன் என் தோள் உயரம்கூட இல்லை, இருந்தாலும் அவனுக்குப் பின்னால் நின்றேன். மூக்கன் மயிரைப் பார்த்தான். விரலால் ஒரு மயிரை எடுத்துப் பார்த்தான். அந்த நேரத்தில் அவனுக்கு எல்லாம் தெரிந்துவிட்டது. நான் வலை வாங்கியது, விழுந்தது என்ன என்பது, சல்லி உடைக்கிற இடத்தில் அவன் காதில் எந்தக் கூவலும் விழாதது, எல்லாம். நிமிர்ந்து கூட்டத்தில் என்னைத் தேடவில்லை. தேடியிருந்தால் நான் சொல்லியிருப்பேன் என்று நினைக்கிறேன். அதுவும் பொய்யாக இருக்கலாம். "என்னுதுதானுங்க" என்றான். அவ்வளவுதான். வேறு எதற்கும் வாய் திறக்கவில்லை, அடித்தபோதும். ஏன்? என்னைக் காப்பாற்றவா? அப்படி இருக்காது. என் மேல் அவனுக்கு அப்படி என்ன. ஒருவேளை வாயால் சொல்லவே அவனுக்குக் கூசியிருக்கும். இவன் கேளையாட்டைப் பிடித்துவிட்டுக் கூவாமல் தின்றான் என்று ஊர் நடுவில் ஒரு கார்டுக்கு முன்னால் எப்படிச் சொல்வது? என் அவமானத்தை அவன் பட்டுக்கொண்டிருக்கிறான். கொட்டடியில் அதையும் வைத்துக்கொண்டு படுத்திருக்கிறான். ஜெயிலுக்கு நான் பயப்படவில்லை. ஜெயிலில் இரண்டு வேளை களி போடுகிறார்கள், போய் வந்தவன் சொல்லியிருக்கிறான். இந்த வேப்பமரத்தடியில் எழுந்து நின்று "கொன்றது நான்" என்று சொல்ல எனக்கு ஒரு நொடி போதும். அதற்கு அடுத்த கேள்விதான். அடுத்து அம்பலம் கேட்பார், கூளையன் கேட்பான், சிலம்பாயி வாயால் கேட்காமல் பார்ப்பாள்: "எப்படா? எங்களுக்குக் கேக்கலையே?" அங்கே வந்து ஒவ்வொரு முறையும் என் நினைவு நின்றுவிடுகிறது, முள்ளில் மாட்டிய துணி மாதிரி. இழுத்தால் கிழிகிறது. விட்டுவிட்டு மறுபடி பெருவிரலைப் பார்க்கிறேன்.

"சேவுகன் அம்பலம்! சேவுகன் அம்பலம்! சேவுகன் அம்பலம்!" அவர் எழுந்து, தலைத்துண்டை எடுத்து இடுப்பில் கட்டிக்கொண்டு போனார். ஜன்னல் பக்கம் நாங்கள் நகர்ந்து நின்றோம். உள்ளே ஆள் இழுக்கிற பங்கா விசிறியின் கயிறு கிறீச்சிட்டுக்கொண்டிருந்தது. மாஜிஸ்திரேட் ஐயா தலை நரைத்தவர், மூக்கில் கண்ணாடி. அம்பலம் கைகட்டி, பிள்ளைக்குச் சொல்வதுபோல நிதானமாகச் சொன்னார்: "எசமான், மூக்கன் கொல்லல. கொன்னிருந்தாக் கூவியிருப்பான். கூவியிருந்தா நாங்க போயிருப்போம். போயிருந்தாத் தின்னிருப்போம். நாங்க ஒருத்தரும் திங்கல. அதனால அவன் கொல்லல." உள்ளே சிரிப்பு எழும்பியது, குமாஸ்தா, வக்கீல்கள், சேவகன்கூட. மாஜிஸ்திரேட் சிரிக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றினார். "இதுக்கு முன்னாடி அவன் கூவி, நீங்க போய்த் தின்னிருக்கீங்களா?" "தின்னிருக்கோம் எசமான்." "எத்தனை தடவை?" அம்பலம் விரலை மடக்க ஆரம்பித்தார். "காடு சர்க்காருக்குப் போறதுக்கு முந்தியா எசமான், பிந்தியா?" மறுபடி சிரிப்பு. "பிந்தி." "மொயலு ஒரு நாலஞ்சு. ஒடும்பு. மறச்சுச் சொல்லக் கூடாது பாருங்க." உண்மைதானே, கடினமில்லை என்றாரே. என் பக்கத்தில் கூளையன், "அடப்பாவி மனுசா" என்றான் மெதுவாக. மாஜிஸ்திரேட் குமாஸ்தாவிடம், "எல்லாத்தையும் எழுதிக்கோ. இவன், வெளியே நிக்கிற மத்தவங்க, எல்லார் பேரையும் எழுது. ஒருத்தன் கொல்றது, ஊரே கூடித் திங்கிறது. எல்லார் மேலயும் கேஸ் போட்டுடலாம்" என்றார். அம்பலத்துக்குப் புரியவில்லை. தான் சொன்னது ஏதோ சரியாகப் போய்ச் சேரவில்லை என்று நினைத்து, திரும்பவும் முதலிலிருந்து சொன்னார், இன்னும் கொஞ்சம் சத்தமாக: "எசமான், கொன்னிருந்தாக் கூவியிருப்பான்." குற்றவாளிக் கூண்டில் மூக்கன் தலை குனிந்து நின்றான். தாடி வளர்ந்திருந்தது. கழுத்து எலும்பு கயிறுபோலத் தெரிந்தது. மூக்கன் மட்டும் என்றால் நான் இன்னும் பேசாமல் இருந்திருப்பேனோ? எனக்குத் தெரியவில்லை. தெரியாமல் இருப்பதே மேல். சேவகன் என் பெயரைச் சொல்ல வாய் திறந்தான், மூன்று முறை வேண்டியிருக்கவில்லை, முதல் முறையிலேயே நான் உள்ளே இருந்தேன்.

"நீயும் அந்தக் கூவுற கதையைத்தான் சொல்லப் போறியா?" இல்லைங்க எசமான், என்றேன். குரல் வந்தது, எனக்கே ஆச்சரியம். "கேளையாட்டக் கொன்னது நானுங்க. மூக்கங்கிட்ட வலைய எரவல் வாங்கிட்டுப் போனேன். அவனுக்கு ஒண்ணும் தெரியாது. இவுக யாருக்கும் ஒண்ணும் தெரியாது." பங்கா கயிறு நின்றது. இழுக்கிறவன்கூடத் திரும்பிப் பார்த்திருக்க வேண்டும். குமாஸ்தாவின் பேனா ஓடியது. அது ஓடுகிற சத்தம் இதமாக இருந்தது, இதோ முடிந்துவிட்டது, இவ்வளவுதானா என்று தோன்றியது. நேராக மாஜிஸ்திரேட்டைப் பார்த்துக்கொண்டேன், வேறு எந்தப் பக்கமும் திரும்ப வேண்டாமே என்று. அவர் என்னைச் சிறிது நேரம் பார்த்தார். "யார் யார் தின்னீங்க?" "நானும் என் பொஞ்சாதியும் மகளும்." "மூணு பேர். ஒரு ஆடு முழுக்க." "மிச்சத்தப் பொதச்சேன்." "பொதைச்சியா?" அவருக்கே குரல் மாறிவிட்டது. "இவங்க எல்லாரும் உங்க ஊர்ல கூவாமத் திங்கவே மாட்டாங்கன்னு சாதிக்கிறாங்களே. நீ ஏன் கூப்பிடலை? இவங்களைக் காப்பாத்தறதுக்குத்தான் தனியாத் தின்னேன்னு சொல்றியா? உண்மையைச் சொல்லு. கூவினியா, இல்லையா?" வந்துவிட்டது. அந்த முள்ளை இங்கே நட்டு வைத்திருந்தார்கள். அம்பலம் என் பக்கம் திரும்புவது கடைக்கண்ணில் தெரிந்தது, மெதுவாக, கழுத்து நோவுக்காரர்போல. ஜன்னல் கம்பிக்கு அந்தப் பக்கம் கூளையனின் ஒற்றைக் கண், அதற்குக் கீழே கம்பியைப் பிடித்த சிலம்பாயியின் கண்ணாடி வளையல். கூவினேன் என்றால் எல்லோர் மேலும் வழக்கு. இல்லை என்றால். இல்லை என்றால் நான் ஜெயிலிலிருந்து எந்த ஊருக்குத் திரும்பிப் போவது? வாயைத் திறந்தேன்.

"கூவியிருப்பாருங்க எசமான்." கூண்டிலிருந்து. பத்தொன்பது நாளாகப் பேசாத குரல், துரு ஏறியிருந்தது. "என் மாப்ள கூவாம இருக்க மாட்டாரு. அன்னைக்குக் காத்து எதுக்கால அடிச்சுது. எங்க காதுக்கு வந்து சேரல. அதான் நாங்க யாரும் போகல." மாஜிஸ்திரேட், "உன்னைக் கேட்கலை, சும்மா இரு" என்றார். குமாஸ்தா பேனாவைத் தூக்கிக்கொண்டு, "காத்து அடிச்சதையும் எழுதணுங்களா?" என்று கேட்க, யாரோ சிரிக்க, "அது எதுக்கு, விடு" என்றார் அவர். ஆனால் அம்பலம் விடவில்லை. உத்தரத்தை அண்ணாந்து பார்த்து யோசித்தார். அவருக்கு யோசிக்க வெகு நேரம் ஆகும், எங்கள் ஊரில் எல்லோரும் அதற்காகக் காத்திருப்போம். "ஆமா எசமான், காத்துத்தான்" என்றார் கடைசியில், என்னைப் பார்க்காமல். ஜன்னல் வழியாகக் கூளையனும், "சரியான காத்துல்ல அன்னைக்கு. என் கூரையே பிச்சுக்கிருச்சு" என்றான். சிலம்பாயியின் வளையல் கம்பியில் அப்படியே இருந்தது. மூக்கன் இப்போது என்னை நேராகப் பார்த்தான், வலையைக் கொடுத்த அன்று பார்த்தது போல இல்லை, ஒரு கடினமான வேலையைச் செய்து முடித்துவிட்டு மறு முனையைப் பிடி என்று சொல்கிறவன்போல. எல்லோரும் காத்திருந்தார்கள். அன்று காற்று இல்லை. பாறையில் நின்றபோது ஓர் இலைகூட அசையவில்லை, நான் கூவியிருந்தால் சல்லி உடைக்கிற இடம் தாண்டி ஓடைக்கு அந்தப் பக்கம் வரைக்கும் கேட்டிருக்கும். மூக்கனுக்கு அது தெரியும், அவன் அங்கே நாள் முழுவதும் வியர்க்க வியர்க்கச் சம்மட்டி அடித்திருக்கிறான். காற்று இல்லை என்று சொல்ல வேண்டும், இந்த ஒரு உண்மையையாவது. "ஆமாங்க" என்றேன், "காத்து." சொல்லிவிட்டுத் தலையை ஆட்டினேன், ஆட்டிக்கொண்டே இருந்தேன், சேவகன் வந்து என் தோளைப் பிடிக்கிற வரைக்கும்.